கதையில் காலவித்தை பழுதானால்: அறிகுறி பார்த்துச் சரிசெய்யும் வழி

கற்பனை உலகம் கட்டி நாவல் எழுதுகிற நண்பர்கள் சிலர், அச்சுக்குப் போகும் முன் படியை எனக்குப் படிக்கத் தருவார்கள். அந்த உலகத்தில் காலத்தை ஆளும் வித்தை ஒன்று இருந்தால், அது எங்கே உடையும் என்பதை இப்போது முதல் ஐம்பது பக்கத்திலேயே கண்டுபிடித்துவிடுகிறேன். என் சொந்தக் கதையும் அதே இடங்களில்தான் உடைந்தது. திரும்பத் திரும்பச் சரிசெய்த அனுபவத்தில் இதை எழுதுகிறேன்.

ஆரம்பத்தில் நான் செய்த தவறு ஒன்றுதான். பழுது கண்ணில் பட்டதும் வித்தையின் விதியை மாற்றுவேன். பன்னிரண்டாம் அத்தியாயத்தைக் காப்பாற்ற விதியை மாற்றினால், மூன்றாவதும் ஏழாவதும் இருபதாவதும் சரியும். அதனால் இப்போது ஒரு வரிசை வைத்திருக்கிறேன்: முதலில் சொல், அப்புறம் காட்சி, அப்புறம் நாட்கணக்கு, அப்புறம் வித்தைக்குக் கொடுக்கும் விலை. விதியில் கை வைப்பது எல்லாவற்றுக்கும் கடைசி. கீழே எந்த அறிகுறிக்குப் போனாலும் இந்த வரிசையிலேயே பாருங்கள்.

தொடங்கும் முன் இரண்டு வேலை. படியை அப்படியே ஒரு நகல் எடுத்து வையுங்கள். ஒரு நோட்டில் மூன்று பத்தி கோடு போடுங்கள்: காட்சி, வெளியுலகில் ஓடிய நேரம், பாத்திரத்தின் உடம்பில் ஓடிய நேரம். அந்த நோட்டின் முதல் பக்கத்தில், யாரால் முடியும், எவ்வளவு முடியும், எதை இழக்கிறார்கள் என்பதை இரண்டே வாக்கியத்தில் எழுதுங்கள். பாதிப் பழுதுகள் இதை எழுதும்போதே தெரிந்துவிடும்.

## அறிகுறி 1: காலம் நின்ற காட்சி நம்பும்படி இல்லை

அதிகம் வரும் புகார் இதுதான். நாயகன் கையை உயர்த்துகிறான், எல்லாம் உறைந்து நிற்கிறது, அவன் மட்டும் சாவகாசமாக நடந்து போய் எதிரியின் வாளைப் பிடுங்குகிறான். படிக்கிறவருக்கு ஏதோ இடிக்கிறது, ஆனால் எது என்று சொல்லத் தெரியவில்லை.

முதல் சோதனை: காலம் முழுதாக நின்றதா, மெதுவானதா?

முழுதாக நின்றது என்றால்: ஒளியும் நின்றுவிட்டது, அவனுக்குக் கண் தெரியாது. காற்றும் நின்றுவிட்டது, சுவர் மாதிரி அவனைச் சுற்றி இறுகியிருக்கும். மூச்சும் இழுக்க முடியாது. மிக மலிவான மருந்து, "நின்றது" என்ற சொல்லை எடுத்துவிட்டு "ஊர்ந்தது" என்று போடுவது. பல படிகளில் இது ஒன்றே போதுமானதாக இருந்திருக்கிறது. நிற்பதுதான் கதைக்கு வேண்டும் என்றால், அவனைச் சுற்றி ஒரு கை நீளத்துக்குக் காலம் அவனோடு சேர்ந்து ஓடுகிறது என்று ஒரு வரி வையுங்கள். காற்றும் தொடுதலும் சரியாகிவிடும். பார்வையை வித்தை தரும் வரமாகவே விடலாம். ஆனால் அந்த வரியைக் கதையின் தொடக்கத்திலேயே சொல்லிவிட வேண்டும், அவன் மாட்டிக்கொண்ட பிறகு சொல்லக் கூடாது.

மெதுவானது என்றால்: எத்தனை மடங்கு? எண் வேண்டும். கதையில் எழுதாவிட்டாலும் நோட்டில் வேண்டும். "ஆயிரம் மடங்கு" என்று வைத்துக்கொண்டு ஒரு நண்பரின் காட்சியைக் கணக்குப் போட்டுப் பார்த்தோம். மணிக்கு 5 கிலோமீட்டர் வேகத்தில் அவன் நடந்தால், வெளியே இருப்பவருக்கு அது 5,000 கிலோமீட்டர். ஒலியின் வேகமோ சுமார் 1,235 கிலோமீட்டர்தான். அந்த வேகத்தில் தோளைத் தொட்டு நகர்த்தினால் தோள் இருக்காது. நண்பரின் நாயகன் ஒரு குழந்தையைத் தூக்கிக் காப்பாற்றினான்.

இடுப்பில் இருந்த சாவி அந்தக் காட்சியில் நழுவி விழுகிறது. சாதாரணமாக அது தரையைத் தொட அரை நொடி ஆகும். சாவி அவன் இடுப்பை விட்டு, வெளியுலகின் காலத்துக்குள் போனதும், அவன் கணக்கில் அதே விழுதலுக்கு 500 நொடி, எட்டு நிமிடத்துக்கு மேல். காலடியில் தொங்கிக்கொண்டிருக்கும் சாவியைத் தாண்டித்தான் அவன் சண்டைக்குப் போக வேண்டும். நண்பர் "கணீரென்று சாவி விழுந்தது" என்று எழுதியிருந்தார். வாசகருக்கு இடித்தது அந்த ஒரு சொல்தான்.

ஈர்ப்பிலும் இதே சிக்கல் உண்டு. மடங்கு கூடக்கூட, அதன் வர்க்கத்தின் அளவில் அவனுக்குப் பூமியின் இழுப்பு குறைந்துபோகும். இரண்டரை மடங்கிலேயே நிலவில் நடப்பது மாதிரி இருக்கும். பத்து மடங்கில் நூறில் ஒரு பங்கு, ஓடவே முடியாது, ஓர் எட்டு வைத்தால் மிதப்பான். நான் சிபாரிசு செய்வது இரண்டிலிருந்து மூன்று மடங்கு. வாள் சண்டைக்கு அது தாராளம், அந்த நிலவு நடை காட்சிக்கு அழகும் கூட்டும்.

ஒளியைப் பற்றி நேர்மையாகச் சொல்லிவிடுகிறேன். இரண்டு மடங்கிலேயே நாம் காணும் நிறங்கள் எல்லாம் கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்புக்குள் சரிந்துவிடும். மனிதக் குரல் தடித்துப் பாதி சுருதிக்கு இறங்கும். குரலை எழுதுங்கள். ஒளியை விட்டுவிடுங்கள். சாவி எப்படி விழும் என்று எல்லாருக்கும் தெரியும், அலைநீளம் யாருக்கும் உடம்பில் தெரியாது. வாசகர் உடம்பால் அறிந்ததில் மட்டும் தப்பு செய்யாமல் இருந்தால் போதும்.

எப்போது வெளியே கேட்பது: கதையின் முடிவே ஒரு நொடிக்கணக்கில் தொங்குகிறது என்றால், அந்த ஒரு காட்சியை மட்டும் இயற்பியல் சொல்லித்தருபவர் ஒருவரிடம் கொடுங்கள். முழு நாவலையும் கொடுத்தால் அவர் எல்லாவற்றையும் திருத்துவார், கதை அவருடையதாகிவிடும். ஒரு கேள்வி, ஒரு பக்கம், அவ்வளவுதான்.

## அறிகுறி 2: "அவள் ஏன் பின்னால் போய்த் தடுக்கவில்லை?"

கடந்த காலத்துக்குப் போகத் தெரிந்த நாயகி ஓர் இழப்பைத் தடுக்காமல் விட்டால் வரும் கேள்வி இது. ஒரு வாசகரிடமிருந்து வந்தாலும் எல்லாரும் கேட்டதாகவே எடுத்துக்கொள்ளுங்கள்.

வரம்பு கதையில் இருக்கிறது, ஆனால் கேட்கிறார்கள் என்றால்: அது வாசகருக்கு மறந்துபோயிருக்கிறது. மூன்றாம் அத்தியாயத்தில் கிழட்டு ஆசான் சொன்ன விதியை முப்பதாம் அத்தியாயத்தில் யாரும் நினைவில் வைத்திருக்க மாட்டார்கள். பெரிய இழப்புக்கு ஓரிரண்டு காட்சிக்கு முன்னால், ஒரு சின்ன விஷயத்துக்கு அவள் முயன்று தோற்பதைக் காட்டுங்கள். விளக்கம் வேண்டாம்.

விலை இருக்கிறது, ஆனால் உறைக்கவில்லை என்றால்: பெரும்பாலும் அந்த விலை "களைப்பு" என்று இருக்கும். மூக்கில் ரத்தம், மயக்கம், இரண்டு பக்கம் கழித்து எழுந்து உட்கார்ந்துவிடுவாள். சோதனை எளிது: கடைசியாக வித்தையைப் பயன்படுத்திய இடத்திலிருந்து மூன்று காட்சி தள்ளிப் போய்ப் பாருங்கள். இழந்தது அங்கே தெரிகிறதா? தெரியவில்லை என்றால் அது விலையே இல்லை.

என் கதையில் இதைத்தான் மாற்றினேன். ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம், பின்னால் போனால் அவள் நினைவில் ஏதோ ஒரு நாழிகை அழிந்துபோகும். எது என்று அவள் தேர்ந்தெடுக்க முடியாது. பதினான்காம் அத்தியாயத்தில் தன் வீட்டு வாசலில் நின்று, தாழ்ப்பாளை இடப்பக்கம் தள்ளுவதா வலப்பக்கமா என்று தெரியாமல் கையை வைத்தபடி நிற்கிறாள். அதைப் படித்த பிறகு அந்தக் கேள்வியை யாரும் கேட்கவில்லை.

வரம்பே இல்லை என்றால்: ஒன்று வைக்க வேண்டும், செலவு கூடுகிறது. எனக்குப் பிடித்தது நங்கூர வரம்பு: வித்தைக்கான கருவி முதன்முதலில் இயங்கிய நொடிக்கு முன்னால் யாராலும் போக முடியாது. இது வெறும் சமாளிப்பு இல்லை. 1988-இல் மோரிஸ், தோர்ன், யுர்ட்செவர் என்ற இயற்பியலாளர்கள் மூவரும் புழுத்துளையை, அதாவது தொலைவான இரண்டு இடங்களை இணைக்கும் சுரங்கம் போன்ற குறுக்குவழியை, கால இயந்திரமாக மாற்றுவது பற்றி எழுதிய ஆய்விலும் இதே கட்டுப்பாடு உண்டு. இயந்திரம் உருவாகும் முன்பான காலத்துக்கு அதன் வழியே போக முடியாது.

இதே வரம்பு இன்னொரு கேள்வியையும் அடைக்கும். எதிர்காலத்தில் இந்த வித்தை வளரும் என்றால், எதிர்காலத்து ஆட்கள் ஏன் ஏற்கெனவே இங்கே வந்து நிற்கவில்லை? 2009 ஜூன் 28 அன்று ஸ்டீபன் ஹாக்கிங் காலப்பயணிகளுக்கென்றே ஒரு விருந்து வைத்து, அது முடிந்த பிறகுதான் அழைப்பை வெளியிட்டார். யாரும் வரவில்லை. உங்கள் உலகத்தில் முதல் கருவி எப்போது இயங்கியது என்று நோட்டில் எழுதிவிட்டால், உங்கள் விருந்துக்கு ஏன் யாரும் வரவில்லை என்பதற்குப் பதில் தயார்.

எதிரிக்கும் அதே வித்தை உண்டு என்றால்: இது எல்லாவற்றிலும் விலை கூடியது. அவன் ஏன் அவளுக்கு முந்திப் பின்னால் போகவில்லை என்பதற்கும் பதில் வேண்டும், அவன் ஒவ்வொரு முறை செய்ததற்கும் நோட்டில் கணக்கு வேண்டும். கைவசம் மூன்று நான்கு மாதம் இல்லை என்றால் இந்த வழிக்குப் போகாதீர்கள்.

## அறிகுறி 3: நாள் இடிக்கிறது, வயது இடிக்கிறது

நோட்டின் இரண்டாம் மூன்றாம் பத்திகள் இதற்காகத்தான்.

முதலில் படி முழுக்க "நேற்று", "நாளை", "மறுநாள்", "மூன்று நாள் கழித்து" என்ற சொற்களைத் தேடுங்கள். ஒவ்வொன்றையும் நோட்டோடு ஒப்பிடுங்கள். அலுப்பான வேலை, ஆனால் முக்கால்வாசிப் பிழை இங்கேயே பிடிபடும். சொல்லுகிற ஆள் யாருடைய நாளைச் சொல்கிறார் என்பதையும் பாருங்கள். காலம் வேகமாக ஓடும் வேகக் குமிழிக்குள் இரண்டு நாள் கழித்து வெளியே வந்தவர் "முந்தாநாள்" என்று சொன்னால், எதிரே நிற்பவருக்கு அது இன்று காலை.

அப்புறம் நிலவு. உங்கள் உலகத்து நிலவும் நம் நிலவைப் போல என்றால், ஒரு பௌர்ணமிக்கும் அடுத்ததற்கும் இடையே சுமார் 29½ நாள். பௌர்ணமி நிலவு மாலையில் சூரியன் மறையும் வேளையில்தான் எழும். மெல்லிய மாலைப்பிறை நள்ளிரவில் உச்சியில் நிற்காது. ஒரே வாரத்தில் இரண்டு பௌர்ணமி வந்த படியை நானே கையில் வைத்திருந்தேன்.

வயதுக் கணக்கை யாரும் போடுவதில்லை, போட்டால் கதைக்கே புது உயிர் வரும். ஒருவன் தினமும் ஒரு மணி நேரம் பத்து மடங்கு வேகத்தில் பயிற்சி செய்கிறான் என்று வையுங்கள். நாளுக்கு ஒன்பது மணி கூடுதலாக வாழ்கிறான். ஆண்டுக்கு 3,285 மணி, கிட்டத்தட்ட 137 நாள். பத்து ஆண்டில் மூன்றே முக்கால் வயது கூடியிருக்கும். தன்னோடு பிறந்த இரட்டையைவிட மூத்தவனாகிவிட்டான். தலைமுடி மாதம் ஒரு சென்டிமீட்டருக்குச் சற்று அதிகமாக வளரும். காலையில் அறைக்குள் போனவன் மாலையில் தோள்வரை முடியோடு வந்தால், எத்தனை மாதம் உள்ளே இருந்தான் என்று ஒருவரும் சொல்லாமலே வாசகருக்குத் தெரியும்.

எவ்வளவு தேடியும் ஒரு நாள் மட்டும் இடிக்கிறதா? பதறாதீர்கள், அதைக் கதையாக்கலாம். மகெல்லனின் பயணத்தில் மிஞ்சிய விக்டோரியா கப்பல் 1522 ஜூலையில் கேப் வெர்தே தீவுகளை அடைந்தபோது, கப்பல் குறிப்பில் புதன்கிழமை, கரையிலோ வியாழக்கிழமை. ஒரு நாள்கூடத் தவறவிடாமல் எழுதிவந்தும் உலகத்தைச் சுற்றியதில் ஒரு நாள் காணாமல் போயிருந்தது. உங்கள் பாத்திரமும் அப்படித் திகைத்து நிற்கட்டும். ஒருமுறை மட்டும்.

## அறிகுறி 4: பொருளுக்குத் தொடக்கமே இல்லை

கிழவி சிறுமிக்கு ஒரு கத்தி தருகிறாள். சிறுமி வளர்ந்து கிழவியாகிப் பின்னால் போய் அதே கத்தியைத் தன்னிடமே தருகிறாள். கத்தியை யார் செய்தது? அதைவிட மோசம், ஒவ்வொரு சுற்றிலும் சாணை பிடித்துத் தேய்ந்த கத்தி, அடுத்த சுற்றில் எப்படி மறுபடி தேயாத கத்தியாக வரும்?

மலிவான வழி: கைமாறுவது அதே கத்தி இல்லை, அதைப் பார்த்துக் கிழவி அடித்த புதுக் கத்தி. தேய்மானம் சரியாகிவிடும். ஆனால் அதன் வடிவத்தை முதலில் யார் நினைத்தது என்ற கேள்வி அப்படியே நிற்கும். அதையும் அடைக்க, கிழவி தன் கையளவுக்கு ஏற்பக் கைப்பிடியை மாற்றினாள் என்று ஓர் இடத்தில் காட்டி, சிறுமிக்கு அந்தக் கத்தி கொஞ்சம் பெரிதாக இருந்ததைத் தொடக்கத்தில் சேர்த்துவிடுங்கள். வடிவத்தில் யாரோ ஒருவரின் கை பட்டதாக வாசகர் உணர்வார்.

அதுவும் போதாது என்றால்: உங்கள் காலம் எந்த வகை என்று முடிவு செய்யாமல் எழுதியிருக்கிறீர்கள். மூன்றில் ஒன்றைத் தேர்ந்தெடுத்தே ஆக வேண்டும். நடந்தது நடந்ததுதான், பின்னால் போனவர் செய்ததும் அதில் ஏற்கெனவே அடக்கம். இயற்பியலில் நொவிகோவ் முன்வைத்த முரணின்மைக் கொள்கை இந்தப் பக்கம்தான். அல்லது பழையது அழிந்து புதியது எழுதப்படும். அல்லது காலம் கிளைவிடும்.

கிளைவிடும் வகையை எடுத்தவர்கள் ஒன்றை மறந்துவிடுகிறார்கள். பின்னால் போய்த் தாயைக் காப்பாற்றினால், அந்தக் கிளையில் தாய் பிழைத்தாள். புறப்பட்ட கிளையில் அவள் இறந்தவள்தான், இப்போது அங்கே மகளும் இல்லை. தம்பி ஒருவன் இருந்தால் அவன் தனியாக நிற்கிறான். அவனைப் பற்றி ஒரு வரிகூட இல்லாத படியைப் படிக்கும்போது எனக்கு மனசு ஆறுவதில்லை. அந்த ஒரு வரியை எழுதிவிடுங்கள்.

ஒரே நாவலில் இரண்டு வகை கலந்திருப்பதைக் கண்டால் அங்கேயே நிறுத்துங்கள். அதைத் தனியாகச் சரிசெய்ய நான் முயன்ற ஒவ்வொரு முறையும் படி இன்னும் சிக்கலானதுதான் மிச்சம். அது பதிப்பாசிரியர் பார்க்க வேண்டிய வேலை.

## அறிகுறி 5: "ஒரு மணி நேரம் பின்னால் போனால் விண்வெளியில்தானே இருப்பாள்?"

பூமி நொடிக்கு சுமார் 30 கிலோமீட்டர் ஓடுகிறது, ஒரு மணி நேரத்தில் ஒரு லட்சம் கிலோமீட்டருக்கு மேல். கேள்வி நியாயமானது, ஆனால் பயப்பட வேண்டாம். விண்வெளியில் அசையாத "அதே இடம்" என்று ஒன்று இயற்பியலில் கிடையாது. எதை ஒட்டி அளக்கிறோம் என்பதுதான் இடம். கல், மரம், கிணறு என்று தரையில் ஊன்றிய ஏதோ ஒன்றோடு வித்தையைக் கட்டிவிடுங்கள். ஒரு வரி வேலை.

## அறிகுறி 6: இப்படியொரு வித்தை இருந்தும் உலகம் மாறவே இல்லை

காலத்தை அளக்கத் தெரிந்ததற்கே நம் உலகம் எவ்வளவு மாறியது என்று பாருங்கள். கடலில் கிழக்கு மேற்காக எங்கே இருக்கிறோம் என்று அறிய நம்பகமான கடிகாரம் வேண்டும். நான்கு நிமிடம் தப்பினால் தீர்க்கரேகையில் ஒரு பாகை தப்பும், நிலநடுக்கோட்டில் அது 111 கிலோமீட்டர். அதற்கு வழி கண்டுபிடிப்பவருக்கு பிரிட்டன் 1714-இல் 20,000 பவுன் வரை பரிசு அறிவித்தது. ஜான் ஹாரிசன் 1759-இல் முடித்த கடிகாரம் ஒரு பெரிய பைக்கடிகாரம் அளவுதான். அளப்பதற்கே இப்படி என்றால், நிறுத்தவும் ஓட்டவும் தெரிந்த உலகத்தில் அரசன் சும்மா இருப்பானா?

சோதனைக்கு ஐந்து கேள்வி கேட்பேன். தானியக் கிடங்கில் காலத்தை மெதுவாக்கினால் தானியம் கெடுமா? சாகக் கிடப்பவரை வைத்தியர் வரும்வரை நிறுத்தி வைப்பார்களா? வேகக் குமிழிக்குள் ஓடிய நாளுக்கு வட்டி உண்டா? பத்தாண்டுச் சிறைத்தண்டனையை ஒரே மதியத்தில் அனுபவிக்க வைப்பார்களா? படைக்கு எத்தனை வித்தகர்கள்?

ஐந்துக்கும் பதில் எழுத வேண்டாம், நாவல் கனத்துவிடும். இரண்டைத் தேர்ந்தெடுத்துத் தெருவில் காட்டுங்கள். வட்டிக் கேள்வியை எடுத்துக்கொண்ட ஒரு நண்பர், கடன் பத்திரங்களில் எல்லாம் "வெளிநாள் கணக்கில்" என்று ஒரு சொல்லைச் சேர்த்தார். அந்த ஒரு சொல்லிலேயே அவர் உலகம் முழுதும் தெரிந்தது. மற்ற மூன்றையும் வித்தையின் விலையாலும் அது அரிதாக இருப்பதாலும் அடைத்துவிடுங்கள்: ஊருக்கு ஒரே ஒரு வித்தகர் என்றால் தானியத்துக்கு யார் அனுப்புவார்கள்?

## அறிகுறி 7: பெயர்கள் தவறான இடத்துக்கு இழுக்கின்றன

தமிழில் எழுதுகிறவர்களுக்கு மட்டும் வரும் பழுது. வித்தகரைக் "காலன்" என்றால் எமன்தான் வருவான். "அவர் காலமானார்" என்று வித்தைக்குள் நுழைவதைச் சொல்ல முடியாது. "காலாவதி" என்றால் மருந்துப் புட்டி நினைவுக்கு வரும். சந்திப்பிழையில்லாமல் எழுதினாலும் "கால்" என்ற சொல் நடக்கும் காலையும் நான்கில் ஒரு பங்கையும் கூடவே இழுத்துவரும். பொழுது, நாழிகை, சாமம், ஓரை என்று சொற்கள் காத்துக்கிடக்கின்றன, அவற்றைக் கூட்டிப் பெயர் வையுங்கள். வைத்த பெயரை வாய்விட்டு மூன்று முறை சொல்லிப் பாருங்கள்.

## படியைக் கைமாற்ற வேண்டிய கட்டம்

மேலே உள்ள அறிகுறிகளில் மூன்று ஒன்றாகத் தெரிந்தாலோ, முதல் பக்கத்து இரண்டு வாக்கியத்தில் ஒன்றை மாற்றினால் ஐந்துக்கு மேற்பட்ட அத்தியாயங்கள் அசையும் என்று தெரிந்தாலோ, நீங்களே நோண்டாதீர்கள். கட்டமைப்பைப் பார்க்கத் தெரிந்த பதிப்பாசிரியரிடம் கொடுங்கள். படியோடு மூன்று சேர்த்துக் கொடுத்தால் அவருக்கு ஒரு மாத வேலை மிச்சமாகும்: அந்த இரண்டு வாக்கியம், மூன்று பத்தி நோட்டு, முதல் வாசகர் முதன்முதலில் நிமிர்ந்து பார்த்த பக்கத்தின் எண்.